லாஸ்ட் பெஞ்ச்: மித்ரில் சட்டை

போன செமஸ்டர் மெட்டலர்ஜி லேப் வைவா. வேற காலேஜ்ல இருந்து வந்திருந்த எக்ஸ்டர்னல், நெத்தி நிறைய திருநீறு, கையில ரெட் இங்க் பேனா. என் ரெக்கார்டு நோட்டைப் புரட்டிக்கிட்டே, "தம்பி, உனக்குப் பிடிச்ச மெட்டீரியல் ஒண்ணு சொல்லு. அதுலேயே கேக்கறேன்"னார். என்னா ஆஃபர்! எனக்கு முன்னாடி போனவன் மைல்டு ஸ்டீல்னு சொல்லித் தப்பிச்சுட்டான். எனக்கு அடுத்து நின்ன பொண்ணு டைட்டானியத்தைக் கரைச்சுக் குடிச்சிட்டு வந்திருந்தா. எனக்குத்தான் நாக்குல சனி.

"மித்ரில் சார்!"

"அது என்ன கிரேடு?"

"கிரேடு இல்ல சார்... நாவல்ல வர்ற உலோகம்."

லேப்ல மயான அமைதி. எங்க இன்டர்னல் மேடம் ஜன்னல் பக்கமா திரும்பிக்கிட்டாங்க. எக்ஸ்டர்னல் மட்டும் கண்ணாடியைக் கழட்டித் துடைச்சுப் போட்டுக்கிட்டு, "சரி, அதோட ப்ராப்பர்ட்டீஸ் சொல்லு"ன்னார். நான் சொன்னேன். கேட்டுட்டு அவர் விட்டாரு பாருங்க ஒரு கேள்வி! அதுக்கு அப்ப எனக்குப் பதில் தெரியல. மார்க் எவ்வளவுன்னு கடைசியில சொல்றேன். முதல்ல மித்ரில் மேட்டருக்கு வருவோம்.

பேராசிரியர் தோண்டின சுரங்கம்

ஜே.ஆர்.ஆர். டோல்கீன், ஆக்ஸ்ஃபோர்டு பல்கலைக்கழகத்துல பழைய ஆங்கிலம் சொல்லிக் கொடுத்த வாத்தியார். 1937-ல 'தி ஹாபிட்', 1954-55-ல மூணு பாகமா 'தி லார்ட் ஆஃப் தி ரிங்ஸ்' எழுதினார். 'நடு உலகம்'னு ஒண்ணைக் கற்பனை பண்ணி, அதுக்கு மேப், மொழி, இலக்கணம், ராஜா வம்சாவளி எல்லாம் போட்டுக் கொடுத்த மனுஷன். அந்த உலகத்துல கிடைக்கிற அபூர்வமான உலோகம்தான் மித்ரில். எல்ஃப் மொழியில 'மித்'னா சாம்பல் நிறம், 'ரில்'னா மினுமினுப்பு. சாம்பல் மினுக்குன்னு வெச்சுக்கங்களேன்.

ஒரு சின்ன ரகசியம். 1937-ல வந்த முதல் ஹாபிட்ல மித்ரில்ங்கற வார்த்தையே கிடையாது. ஹீரோ பில்போவுக்குக் கிடைக்கிற கவசம் வெறும் வெள்ளி பூசின எஃகு. பெரிய நாவலை எழுதினப்பதான் டோல்கீனுக்கு மித்ரில் சிக்கிச்சு. அப்புறம் 1966 பதிப்புல பழைய கதைக்குள்ள போய் அந்த வார்த்தையைச் சேர்த்துட்டார். நாம அசைன்மென்ட் சப்மிட் பண்ணிட்டு, ஸ்டாஃப் ரூம்ல யாரும் இல்லாத நேரம் பார்த்துப் போய்த் திருத்துவோமே, அந்த மாதிரி. என்ன, அவருக்கு இருபத்தொம்பது வருஷம் டயம் கிடைச்சது!

மித்ரில் கிடைச்ச இடம் மோரியா. மலைக்கு அடியில குள்ளர்கள் குடைஞ்சு கட்டின மகா நகரம். அவங்க பாஷையில காஸாத்-தூம். மோரியாவுல மட்டும்தான் இது கிடைக்கும்னு மந்திரவாதி கேண்டால்ஃப் கதையில சொல்றார். செம்பு மாதிரி தட்டி வளைக்கலாம். கண்ணாடி மாதிரி பளபளப்பாக்கலாம். எடை கம்மி, ஆனா பதப்படுத்தின எஃகைவிட கடினம். பார்க்க வெள்ளி மாதிரி இருக்கும், ஆனா கறுக்கவே கறுக்காது. ஒரு காலத்துல தங்கத்தைப் போல பத்து மடங்கு விலை. கதை நடக்கும்போது விலையே சொல்ல முடியாத நிலைமை. ஏன்னா சுரங்கம் மூடிப் பல நூற்றாண்டு ஆச்சு.

இதுல எல்ஃபுங்க 'இதில்தின்'னு ஒரு அயிட்டம் தயாரிச்சாங்க. நிலா வெளிச்சத்துலயும் நட்சத்திர வெளிச்சத்துலயும் மட்டும் தெரியற எழுத்து! மோரியாவோட மேற்கு வாசல் கதவுல இருக்கறது அதுதான். கதவைச் செஞ்சவர் நார்வி, ஒரு குள்ளர். அதுல எழுத்தும் படமும் வரைஞ்சவர் கெலெப்ரிம்போர், ஒரு எல்ஃப். பாஸ்வேர்டு என்ன தெரியுமா? எல்ஃப் மொழியில 'நண்பன்'! அவ்வளவு சிம்பிளா பாஸ்வேர்டு வைக்கிற அளவுக்கு அப்ப ரெண்டு கூட்டமும் ஒண்ணுமண்ணா இருந்திருக்கு. மித்ரில் கிடைக்குதுன்னு கேள்விப்பட்டுத்தான் எல்ஃபுங்க பக்கத்துலயே எரெகியான்னு ஒரு நாட்டை உண்டாக்கிக் குடிவந்தாங்க. அதாவது, குள்ளருங்க தோண்டத் தோண்ட வாசல்லயே கஸ்டமர் ரெடி. இந்த பாயின்ட்டை ஞாபகம் வெச்சுக்கங்க, பின்னாடி தேவைப்படும்.

எக்ஸ்டர்னல் கேட்ட கேள்வி

"செம்பு மாதிரி வளையும்ங்கற. எஃகைவிட கடினம்ங்கற. வளையறது கடினமா இருக்காது, கடினமா இருக்கறது லேசுல வளையாது. ரெண்டும் ஒரே உலோகத்துல எப்படிப்பா?"

இதான் கேள்வி. மெட்டலர்ஜியில பாதி சிலபஸ் இதுக்குள்ள அடங்கிடும். நான் முழிச்ச முழியைப் பார்த்துட்டு அவரே க்ளூ கொடுத்தார். "ஏரோப்ளேன் எதுல செய்றான்?" அலுமினியம் அலாய் சார். "அதை எப்படிக் கடினமாக்கறான்?" அப்பத்தான் பல்ப் எரிஞ்சது. ஏஜ் ஹார்டனிங்!

1906-ல ஆல்ஃப்ரெட் வில்ம்னு ஒரு ஜெர்மன்காரர் அலுமினியத்துல கொஞ்சம் செம்பும் மெக்னீசியமும் கலந்து, சூடாக்கி, டக்குனு தண்ணியில முக்கி எடுத்தார். அப்போதைக்கு அது மெத்துனு இருந்துச்சு. ரெண்டு நாள் கழிச்சு டெஸ்ட் பண்ணினா, யாரும் தொடாமலே கடினமாகியிருக்கு! உள்ளே நுண்துகள் உண்டாகி, அணு அடுக்குகள் ஒண்ணு மேல ஒண்ணு வழுக்க விடாம பிடிச்சுக்குது. அதுதான் ட்யூராலுமின். மெத்துனு இருக்கும்போது வேணுங்கற ஷேப்புக்குத் தட்டிக்க, அப்புறம் கடினமாக்கிக்க. மோரியா கொல்லர்களுக்கும் இந்த மாதிரி ஏதாவது டெக்னிக் தெரிஞ்சிருந்தா மித்ரில் சாத்தியம்தான்.

கறுக்காம இருக்கறது? நம்ம வீட்டுக் குத்துவிளக்குப் பக்கத்துல இருக்கற வெள்ளி குங்குமச்சிமிழ் ஏன் கறுக்குது? காத்துல இருக்கற கந்தக வாயு வெள்ளியோட சேர்ந்து கறுப்பு சல்ஃபைடு ஆயிடுது. டைட்டானியம் அப்படி ஆகாது. அது மேல தானாவே ஒரு ஆக்ஸைடு படலம் உண்டாகி உள்ளே இருக்கறதைக் காப்பாத்திடும். எடையும் ஓகே. ஒரு கன சென்டிமீட்டர் எஃகு கிட்டத்தட்ட 7.8 கிராம், வெள்ளி 10.5, டைட்டானியம் 4.5-தான். எனக்கு அடுத்து நின்ன பொண்ணு சொன்னது ஏறக்குறைய மித்ரில்தான். அவளுக்குத் தெரியாது, எனக்கும் அப்ப தெரியாது!

சரி, விலை? தங்கத்தைவிட காஸ்ட்லியான வெள்ளை உலோகம் நிஜமாவே இருந்திருக்கு மக்களே. நம்ம ஹாஸ்டல் தட்டு! ஆமா, அலுமினியம். மண்ணுல கொட்டிக் கிடந்தும் அதைப் பிரிச்சு எடுக்கற வழி தெரியாத காலத்துல, 1850-கள்ல, அது ராஜாக்களோட உலோகம். மூணாம் நெப்போலியன் முக்கியமான விருந்தாளிக்கு மட்டும் அலுமினியக் கரண்டி வெச்சார்னு ஒரு கதை உண்டு. 1884-ல அமெரிக்காவுல வாஷிங்டன் நினைவுத் தூண் உச்சியில மகுடம் மாதிரி வெச்சது மூணு கிலோவுக்குக் கொஞ்சம் குறைவான அலுமினியக் கூம்பு. ரெண்டே வருஷம்... 1886-ல அமெரிக்காவுல சார்லஸ் ஹால், ஃபிரான்ஸ்ல பால் எரூ, ஒருத்தருக்கு ஒருத்தர் தெரியாம, மின்சாரத்தால அலுமினியம் பிரிக்கிற அதே வழியைக் கண்டுபிடிச்சாங்க. ரெண்டு பேரும் 1863-ல பொறந்தவங்க. நம்மைவிட ரெண்டு மூணு வயசுதான் பெரியவங்க! அதுக்கப்புறம் விலை சரிஞ்ச சரிவுல, ராஜா கரண்டி மெஸ் கரண்டி ஆயிடுச்சு.

மோரியாவுக்கு அப்படி ஒரு ஹால் கிடைக்கல. இருந்தது ஒரே ஒரு வழி. இன்னும் ஆழமா தோண்டறது.

கீழே தூங்கிக்கிட்டு இருந்தது

மித்ரில் ரேகை வடக்குப் பக்கமா, காரத்ராஸ் மலைக்குக் கீழே இறங்கிப் போச்சு. குள்ளர்களும் பின்னாடியே இறங்கினாங்க. மூன்றாம் யுகம் 1980-ல பால்ராக் வெளியே வந்துச்சு. நெருப்பும் நிழலும் சேர்ந்த பூதம். ஆறாம் துரின் ராஜா அந்த வருஷமே காலி. அடுத்த வருஷம் அவர் மகனும் போனதும், மிச்சம் இருந்தவங்க ஊரைக் காலி பண்ணிட்டு ஓடினாங்க. அப்புறம் ஓர்க்குங்க வந்து குடியேறி, கிடைச்ச மித்ரிலை வில்லன் சௌரானுக்குக் கப்பம் கட்டுச்சுங்க.

ஆயிரம் வருஷம் கழிச்சு, 2989-ல, பாலின்னு ஒரு குள்ளர் ஒரு கூட்டத்தைச் சேர்த்துக்கிட்டு மோரியாவை மீட்கப் போனார். ஹாபிட் படிச்சவங்களுக்குத் தெரியும், பில்போவோட தோஸ்த். அஞ்சே வருஷம். எல்லாரும் காலி. அவர் கல்லறையையும், கிழிஞ்சு கருகின ஒரு டைரியையும் நம்ம ஃப்ரோடோ கோஷ்டி கண்டுபிடிக்கிற சீன்ல எனக்கு ஒவ்வொரு தடவையும் தொண்டை அடைக்கும்.

'பேராசைப்பட்டு ரொம்ப ஆழமா தோண்டிட்டாங்க' - இது குள்ளர்கள் மேல கதை வைக்கிற குற்றச்சாட்டு. நானும் அப்படித்தான் நம்பிக்கிட்டு இருந்தேன், போன லீவு வரைக்கும்.

தாத்தா கேட்ட கேள்வி

எங்க தாத்தா கோலார் தங்கச் சுரங்கத்துல வேலை பார்த்தவர். 2001-ல அது மூடுற வரைக்கும் அங்கதான். தமிழ்நாட்டுல இருந்து தலைமுறை தலைமுறையா ஆளுங்க போய் இறங்கின சுரங்கம். மூணு கிலோமீட்டருக்கும் மேல ஆழம். அந்த ஆழத்துல பாறையைத் தொட்டா சுடும்னு சொல்வார்.

லீவுல வீட்டுக்குப் போனப்ப வைவா கூத்தைச் சொல்லிச் சிரிச்சேன். "அது என்னாடா மித்ரிலு?"ன்னார். திண்ணையில உக்காந்து மோரியா கதையை முழுசா சொன்னேன். அந்தக் கதவு, அந்த ரேகை, பால்ராக், எல்லாம். தாத்தா ஒரு வார்த்தை பேசாம கேட்டார். முடிக்கும்போது பஞ்ச் வெச்சேன். "பேராசை தாத்தா. அதான் அழிஞ்சாங்க."

கொஞ்ச நேரம் ஒண்ணும் சொல்லல. அப்புறம் கேட்டார். "ஏன் கண்ணு, அவங்க வெட்டி எடுத்ததை யாரு வாங்கினாங்க?"

எல்ஃபுங்க தாத்தா. ராஜாக்கள். கலாட்ரியல்னு ஒரு ராணி, அவங்க மோதிரமே மித்ரில்தான்.

"அவங்கள்லாம் அழியலையா?"

எனக்குச் சுருக்குன்னுச்சு. இல்ல தாத்தா.

"பாறை படபடன்னு பொரியும்டா. அந்தச் சத்தம் கேட்டா நமக்கு ஒடம்பு வெலவெலத்துப் போவும். அப்பவும் மறுநாள் கேஜ்ல ஏறிக் கீழ போவோம். ஆசைப்பட்டா போனோம்? மேல அஞ்சு வயிறு இருக்கு. ஆழமா போன்னு சொல்றவன் மேலதான் இருப்பான். கீழ இருக்கறவன் எதுக்குடா ஆழமா போகச் சொல்லப் போறான்?"

சொல்லிட்டு வெத்தலைப் பெட்டியைத் தேட ஆரம்பிச்சுட்டார். அன்னிக்கு ராத்திரி எனக்குத் தூக்கம் வரல. புத்தகத்தை எடுத்துக் கடைசிப் பின்னிணைப்புகளைப் புரட்டினேன். எத்தனையோ தடவை தாண்டிப் போன ஒரு சின்ன அடிக்குறிப்பு கண்ணுல பட்டுச்சு. குள்ளர்கள் பால்ராக்கை எழுப்பி இருக்கலாம், இல்லேன்னா அடைபட்டதை விடுவிச்சு மட்டும் இருக்கலாம்... சௌரானோட கெட்ட எண்ணத்தால அது முன்னமே முழிச்சுக்கிட்டு இருந்திருக்கலாம்ங்கறார் டோல்கீன்.

பாருங்க மக்களே! பேராசைங்கற தீர்ப்பு கதைக்கு நடுவுல சத்தமா இருக்கு. சந்தேகத்தோட பலன் கடைசிப் பக்கங்கள்ல, பொடி எழுத்துல இருக்கு. எங்க தாத்தா ஒரு பக்கம்கூட படிக்காமலே அந்த அடிக்குறிப்புக்கு ரொம்பப் பக்கத்துல போயிட்டார்.

குள்ளர்கள் எல்லாம் தங்கமான பசங்கன்னு நான் சொல்ல வரல. மித்ரில் மேல அவங்களுக்கும் ஆசை இருந்துச்சு. ஆனா அது அவங்க வீடு, அவங்க சோறு. கேட்டு வாங்கினவங்க கணக்கையும் சேர்த்து எழுதாம, வெட்டினவன் தலையில மட்டும் முழு பில்லையும் போடறது என்ன நியாயம்?

ஒரு சட்டையோட ஜாதகம்

இனி இந்தக் கதையில எனக்கு ரொம்பப் பிடிச்ச சமாச்சாரம். பில்போ கையில ஒரு மித்ரில் சட்டை இருந்துச்சுன்னு சொன்னேன்ல? என்னைக்கோ ஏதோ ஒரு எல்ஃப் இளவரசனுக்காகச் செஞ்சது. குள்ளராஜா தோரின் பரிசா கொடுத்தார். பில்போ அதை ஊருக்குக் கொண்டுவந்து, ஒரு மியூஸியத்துல தூசி தட்டப் போட்டு வெச்சார். அதோட விலை, அவங்க நாடான ஷயரையும் அதுல இருக்கற எல்லாத்தையும் வித்தாக்கூட வராது. அது அவருக்குத் தெரியாது.

ஊரைவிட்டுக் கிளம்பும்போது அதைத் திரும்ப வாங்கிட்டுப் போய், பின்னாடி ஃப்ரோடோவுக்குக் கொடுத்தார். சட்டைக்கு உள்ளே போட்டுக்கோன்னு. மோரியாவுல நடந்து போகும்போது கேண்டால்ஃப் அந்த விலையைச் சொல்லி, "பாவம், இன்னும் மியூஸியத்துலதான் கிடக்கும்"ங்கற மாதிரி பேசறார். அதைப் போட்டுக்கிட்டே பக்கத்துல நடந்து வர்ற ஃப்ரோடோ ஒரு வார்த்தை பேசல. உள் பனியன் மாதிரி ஒரு நாட்டையே மாட்டிக்கிட்டு வந்திருக்கோம்னு தெரிஞ்சா பேச்சு எங்கே வரும்?

அதுக்கப்புறம் அந்தச் சட்டை அவனைப் பல தடவை காப்பாத்துது. முதல் தடவை மோரியாவுலயே. ஒரு ஓர்க் தலைவன் ஈட்டியால குத்தறான் (2001 சினிமாவுல அது பெரிய குகைப் பூதமா மாறிடுச்சு). ஈட்டி உள்ளே போகல. ஆனா வளையங்கள் சதையில பதிஞ்சு கன்னிப்போயிடுது. டோல்கீன் இங்கே பக்கா! கவசம் ஓட்டை விழாம தடுக்கும், இடியை முழுசா தடுக்காது. நம்ம மெக்கானிக்ஸ் சாரே மார்க் போடுவார்.

இன்னொரு தடவை செம ட்விஸ்ட். ஃப்ரோடோ எதிரிகிட்ட மாட்டிக்கிறான். சட்டையைப் பார்த்ததும் ஷாக்ராட், கோர்பாக்னு ரெண்டு ஓர்க் கேப்டன்களுக்குள்ள 'எனக்குத்தான்'னு சண்டை. ரெண்டு படையும் வெட்டிக்கிட்டு சாக, கோட்டை காலி. நண்பன் சாம் தனியாளா உள்ளே புகுந்து ஃப்ரோடோவை மீட்டுட்டு வர்றான். சட்டையைப் போடாமலே அது காப்பாத்தின தடவை இது.

கடைசித் தடவை, எல்லாப் போரும் முடிஞ்சு சொந்த ஊருக்கு வந்த பிறகு. தோத்துப்போன சாருமான் கத்தியால ஃப்ரோடோவைக் குத்தறான். கத்திதான் உடையுது. ஃப்ரோடோ அவனைக் கொல்ல விடாம போகச் சொல்லிடறான்.

இப்ப யோசிச்சுப் பாருங்க. அதே உலோகம்தான். எடுத்துக்கணும்னு பாய்ஞ்ச ரெண்டு படை ஒரே ராத்திரியில அழிஞ்சுது. ஒருத்தர் இன்னொருத்தருக்கு 'இதை நீ வெச்சுக்கோ'ன்னு கொடுத்த சட்டை, கொடுத்தவர் பக்கத்துல இல்லாதப்பவும் காவல் காத்துச்சு. போர் முடிஞ்சதும் கிம்லியோட ஆளுங்க மினாஸ் திரித் நகரத்துக்கு மித்ரிலும் எஃகும் சேர்த்துக் கோட்டைக் கதவு செஞ்சு கொடுத்தாங்கன்னு ஒரு வரி வருது. எனக்கு அந்த வரி ரொம்பப் பிடிக்கும். அழிஞ்சவங்க வம்சம், அடுத்த ஊருக்குக் கதவு செஞ்சு கொடுக்குது.

2022-ல வந்த 'தி ரிங்ஸ் ஆஃப் பவர்' சீரியல்ல மித்ரில் எப்படிப் பொறந்துச்சுன்னு மரம், மின்னல்னு வேற ஒரு கதை சொன்னாங்க. அது டோல்கீன் எழுதினது கிடையாது. ஹாஸ்டல்ல அதுக்காக ரெண்டு கோஷ்டியா பிரிஞ்சு தலையணை பறந்துச்சு. நான் நடுநிலை. தலையணை மட்டும் என் மேலயும் விழுந்துச்சு.

மார்க்!

எக்ஸ்டர்னல் கடைசியா ஒண்ணு கேட்டார். "ஏம்பா, இல்லாத உலோகத்தைப் பத்தி இவ்வளவு தெரியுதே, இருக்கறதைப் படிக்கக் கூடாதா?" அதைத்தான் சார் படிக்க வந்திருக்கேன்னு சொன்னேன். சிரிச்சுட்டு ரெட் இங்க்ல ஏதோ எழுதினார். ரிசல்ட்ல பார்த்தா பாஸ் மார்க்கைவிட ரெண்டு கூட. மித்ரில் மாதிரி அபூர்வம்னு ஃப்ரேம் போடலாம்னு இருக்கேன்.

வர்ற வருஷம் பிளேஸ்மென்ட். ஏதாவது மைனிங் கம்பெனி வந்தா உக்காருவியான்னு கிளாஸ்ல கேக்கறாங்க. உக்காருவேன். ஆனா இன்டர்வியூ முடிவுல 'ஏதாவது கேக்கணுமா'ன்னு அவங்க கேப்பாங்கல்ல, அப்ப கேக்க ஒரு கேள்வி வெச்சிருக்கேன். எவ்வளவு ஆழம் சார், அங்க யாரு இறங்குறா, நீங்க கடைசியா எப்ப இறங்குனீங்க?

வேலை கிடைக்குமான்னு தெரியல. தாத்தாகிட்ட சொன்னேன். வெத்தலையை மடிச்சு வாயில போட்டுக்கிட்டே, "கேளு"ன்னார்.

அடுத்த வாரம் பார்ப்போமா?